மடக்கிவிட்ட நாக்கு

1. மிதித்தால் நிற்கும் சத்தம்

"காக்கா, பிரேக்க மிதிக்காத நேரந்தான் கத்துது. மிதிச்சா நிக்குது."

சபீனா டீச்சர் என் கராஜில் காரை நிறுத்திவிட்டுச் சொன்ன முதல் வார்த்தை இதுதான். பிரேக் பேட் பற்றி நான் எழுதவேண்டியது எல்லாம் இந்த வார்த்தைக்குள் இருக்கிறது. அன்று அதை நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

கல்முனையில் நீண்ட காலம் கராஜ் நடத்தினேன். உயர்தர வகுப்பில் கணிதம் படித்து, தொழில்நுட்பக் கல்லூரியிலும் சான்றிதழ் எடுத்தவன் என்பதால் ஊரில் எனக்குப் 'படிச்ச பாஸ்' என்று பெயர். வயதில் இளையவர்களுக்கு நான் காக்கா, அதாவது அண்ணன். இப்போது கராஜ் என் தங்கையின் மகன் றிஸ்வான் கையில் இருக்கிறது. குடும்பக் காருக்குப் பிரேக் பேட் தெரிவுசெய்வதையும் மாற்றுவதையும் பற்றி, வேலை பழகுகிறவர்களுக்கு உதவுகிற மாதிரி எழுதித் தாருங்கள் என்று நான் படித்த கல்லூரியில் கேட்டார்கள். நன்றாகச் செய்த வேலைகள் எத்தனையோ உண்டு. அவற்றில் ஒன்றை எழுத உட்கார்ந்தால் கை ஓடவில்லை. அதனால் இதை எழுதுகிறேன்.

அது அறுவடைக் காலம். வாசலில் உழவு இயந்திரங்களும் லொறிகளும் வரிசையாக நின்றன. டீச்சரின் கணவர் நியாஸுக்குக் கட்டாரில் வேலை. அவர் வாங்கிக் கொடுத்துவிட்டுப் போன சின்னக் காரில் டீச்சர் நாவிதன்வெளிப் பக்கம் ஒரு பாடசாலைக்குப் போய்வருவார். தன் உம்மாவைக் கிளினிக்குக்குக் கூட்டிப்போவதும் அதே காரில்தான். எங்கள் பக்கத்தில் பெண்கள் கார் ஓட்டுவது இப்போது புதினமில்லை. ஆனாலும் ஒரு பெண் தனியாகக் காரைக் கொண்டுவந்து கராஜுக்குள் விட்டால், அங்கே நிற்கும் ஆண்கள் கதையை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்ப்பார்கள்.

நான் குந்தி உட்கார்ந்து, முன் சக்கரச் சில்லின் இடைவெளிக்குள் டோர்ச் அடித்துப் பார்த்தேன். வெளிப்பக்கப் பேட் தெரிந்தது. பாதிக்குமேல் இருந்தது.

"பேட் நல்லாக் கிடக்கு டீச்சர். ஒண்டுமில்ல. போங்க."

சில நாட்களில் திரும்பி வந்தார்.

"காக்கா, சத்தம் கூடிட்டு. முன்னுக்கு இடப்பக்கச் சில்லுலதான்."

"பேட் கிடக்கு டீச்சர். என்ட கண்ணால பார்த்தனே."

"பேட் கிடந்தா ஏன் கத்துது?"

கேள்வி நியாயமானது. தன் லொறிக்காகக் காத்துநின்ற ஹனீபா மச்சான் இடையில் புகுந்தார்.

"கார் பாட்டுப் படிக்குது டீச்சர். உங்கட பள்ளிக்கூடத்துப் போட்டிக்குச் சேர்த்துடுங்க."

நாலைந்து பேர் சிரித்தார்கள். பதில் தெரியாமல் நின்ற எனக்கு அந்தச் சிரிப்பு நல்ல வசதியாக வந்தது. நானும் ஒன்று சொன்னேன்.

"காருக்கு ஒண்டுமில்ல மச்சான். டீச்சர்ர காதுக்குத்தான் ஒரு சேவிஸ் போடணும்."

கராஜ் முழுக்கச் சிரித்தது. டீச்சரும் கொஞ்சம் சிரித்தார். சேர்ந்து சிரித்தால்தான் அந்த இடத்தைவிட்டு மரியாதையாகப் போகலாம் என்று ஒருவர் சிரிக்கும் சிரிப்பு அது. அன்று அதை விளங்கிக்கொள்ளும் எண்ணமும் எனக்கு இருக்கவில்லை.

பேட்டின் இரும்புத் தகட்டில் சின்னதாக ஒரு இரும்புத் துண்டு நீட்டிக்கொண்டிருக்கும். நாங்கள் அதை நாக்கு என்போம். பேட் தேய்ந்து முடியும் தறுவாயில் அந்த நாக்கு, சில்லோடு சுற்றும் டிஸ்க்கில் உரசிக் கீச்சிடும். பேட்டை மாற்றச் சொல்லும் சத்தம் அது. பல கார்களில் பெடலை மிதித்தால் அந்தக் கீச்சு நின்றுவிடும், விட்டால் திரும்ப வரும். டீச்சர் முதல் நாளே சொன்னது அதைத்தான்.

நான் செய்தது இது. ஸ்டியரிங்கை முழுதாகத் திருப்பிவிட்டு, சில்லின் பின்பக்கமாகக் கையை விட்டு, மூக்குக் குறட்டால் அந்த நாக்கைப் பிடித்து மடக்கிவிட்டேன். சில்லைக் கழற்றவில்லை. உட்பக்கப் பேட்டைப் பார்க்கவில்லை. பாதி தேய்ந்த பேட்டில் நாக்கு வளைந்துபோய் உரசுகிறது என்று எனக்கு நானே ஒரு காரணம் சொல்லிக்கொண்டேன். கண்ணை மூடிக்கொண்டும் செய்யக்கூடிய வேலை.

"ஒருக்கா ஓடிப் பாருங்க டீச்சர்."

சந்திவரை ஓடிவிட்டு வந்தார். முகம் தெளிந்திருந்தது.

"இல்ல காக்கா. இப்ப சத்தமே இல்ல. ஜஸாக்கல்லாஹ்."

அந்த நன்றியையும் வாங்கிக்கொண்டேன். வேறு ஒரு விசயமாக நியாஸ் போன் எடுத்தபோது, காது சேவிஸ் கதையை அவருக்கும் சொன்னேன். கட்டாரில் இருந்துகொண்டு அவரும் விழுந்து விழுந்து சிரித்தார்.

2. நான் பார்க்காத பேட்

கேட்டது பேட் பற்றித்தானே. அதைச் சொல்லிவிட்டு மேலே போகிறேன்.

ஒரு சில்லில் இரண்டு பேட் உண்டு, வெளியே ஒன்று, உள்ளே ஒன்று. இரண்டும் ஒரே மாதிரித் தேய வேண்டுமென்றால், பேட்டுகளைப் பிடித்திருக்கும் கலிப்பர் தன் ஸ்லைட் பின்களில் தடையில்லாமல் முன்னும் பின்னும் நகர வேண்டும். எங்கள் ஊர்கள் கடற்கரையில் இருக்கின்றன. உப்புக் காற்று அந்தப் பின்னுக்குள் புகுந்து துருவை ஏற்றிவிடும். பின் இறுகினால் உட்பக்கப் பேட் மட்டும் வேலை செய்து தேய்ந்துபோகும். வெளிப்பக்கப் பேட் புதிது போலவே இருக்கும். டோர்ச் அடித்துப் பார்க்கிறவனுக்குத் தெரிவது அந்தப் புதிது போல இருக்கும் பேட்தான். இது எனக்குத் தெரியாத விசயமல்ல. பலருக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன்.

பேட் வாங்கும்போது பெட்டியின் அழகைப் பார்க்காதீர்கள். பழைய பேட்டைக் கையோடு கொண்டுபோய், தகட்டின்மேல் தகடு வைத்து ஒப்பிடுங்கள். நீண்ட நாள் உழைக்கும் என்று மிகக் கடினமான பேட்டைக் குடும்பக் காருக்குப் போடாதீர்கள். அது சூடேறினால்தான் நன்றாகப் பிடிக்கும், டிஸ்க்கையும் தின்னும். பாடசாலைக்கும் கடைக்கும் போய்வரும் காருக்கு, குளிரிலும் பிடிக்கிற மிருதுவான பேட் போதும். நாக்கு உள்ளதாகப் பார்த்து வாங்குங்கள். முன் இரண்டு சில்லுக்கும் சோடியாகவே மாற்றுங்கள். ஸ்லைட் பின்னைக் கழற்றித் துருவைத் துடைத்து, அதற்கென்று உள்ள கிறீஸைப் பூசுங்கள். அந்தக் கிறீஸ் பேட்டின் முகத்தில் படக்கூடாது. வேலை முடிந்ததும், பெடல் காலுக்கு இறுக்கமாக வரும்வரை மிதித்த பிறகே காரை அசையுங்கள்.

இவ்வளவும் தெரிந்தவன்தான் சில்லைக் கழற்றாமல் குறட்டை எடுத்தான்.

3. நெல் காய்ந்த வீதி

அறுவடை முடிந்த கையோடு வீதியில் பாதியை மறித்து நெல் காயப்போடுவார்கள். சில வாரங்களுக்குப் பிறகு டீச்சர் உம்மாவையும் ஏற்றிக்கொண்டு நாவிதன்வெளிப் பக்கமிருந்து வந்துகொண்டிருந்தார். எதிரே நெல்லுக்கு ஒதுங்கி ஒரு லேண்ட் மாஸ்டர் உழவு இயந்திரம், பின்னால் பூட்டிய பெட்டி நிறைய மூட்டையோடு நின்றது. டீச்சர் பிரேக்கை மிதித்தார். கார் நிற்காமல் வலப்பக்கம் இழுத்துக்கொண்டு போய்ப் பெட்டியில் மோதியது. உம்மாவின் கை மணிக்கட்டில் முறிந்தது. டீச்சருக்குக் காயமில்லை.

காரை இழுத்துவரச் சொல்லி எனக்குப் போன் வந்தது. நான் போனபோது உம்மாவை ஆட்டோவில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருந்தார்கள். டீச்சர் வீதியோரம் நின்றார். சுற்றிக் கூட்டம்.

"பிரேக்க மிதிக்கிற எண்டு எக்ஸ்ஸிலேட்டர மிதிச்சிருப்பா."

"பொம்புளைகள்ற கையில கார குடுத்தா இப்புடித்தான். மாப்புளய சொல்லணும்."

"நெல்லுல சறுக்கினா ஸ்டியரிங்க எந்தப் பக்கம் ஒடிக்கிற எண்டு தெரியணுமே."

டீச்சர் ஒரே வார்த்தையைத்தான் திரும்பத் திரும்பச் சொன்னார்.

"நான் பிரேக்கத்தான் மிதிச்ச. கார்தான் வலப்பக்கம் இழுத்திச்சி."

யாரும் கேட்கவில்லை. நான் கேட்டேன். வலப்பக்கம் இழுத்தது என்றால் இடப்பக்கச் சில்லு பிடிக்கவில்லை என்று பொருள்.

4. "பிரேக் நல்லம்"

கராஜில் காரை ஜக் வைத்து உயர்த்தி இடப்பக்கச் சில்லைக் கழற்றினேன். வெளிப்பக்கப் பேட் பாதிக்குமேல் இருந்தது. உட்பக்கப் பேட்டில் ஒன்றும் மீதியில்லை. வெறும் இரும்புத் தகடு டிஸ்க்கை உழுதிருந்தது. தகட்டின் ஓரத்தில் நான் மடக்கிவிட்ட நாக்கு மடங்கியபடியே இருந்தது. அதில் என் குறட்டின் பல் பதிந்திருந்தது.

நியாஸ் வீடியோ கோலில் வந்தார். கராஜில் ஹனீபா மச்சானும் இன்னும் சிலரும் நின்றார்கள்.

"காக்கா, உண்மையச் சொல்லுங்க. பிரேக்குல ஏதும் பிழையா?"

அந்தக் கேள்விக்கு ஒரு வார்த்தையில் பதில் இருந்தது. போனைக் கொஞ்சம் கீழே திருப்பியிருந்தால் பேட்டை அவர் கண்ணாலேயே பார்த்திருப்பார். நான் போனை என் முகத்துக்கு நேராகவே பிடித்துக்கொண்டேன்.

"பிரேக் நல்லம் தம்பி. நெல்லுல சறுக்கியிருக்கும்."

"அப்ப சபீனாட பிழதான்."

நான் இல்லை என்று சொல்லவில்லை.

அன்றே இரண்டு சில்லுக்கும் புதுப் பேட் போட்டேன். டிஸ்க்கையும் மாற்றினேன். பழைய பேட்டைப் பழைய இரும்புக் குவியலில் எறிந்தேன். காரின் முன்பக்கத்தை நிமிர்த்தி, வர்ணம் அடித்து, நல்ல வேலையாக முடித்துக் கொடுத்தேன். பார்த்தவர்கள் என்னைப் பாராட்டினார்கள். காரின் சாவியை நியாஸ் தன் தம்பி கையில் கொடுக்கச் சொல்லியிருந்தார். அதற்குப் பிறகு டீச்சர் கார் ஓட்டவில்லை.

என் கராஜுக்கு நேர் எதிரேதான் பஸ் தரிப்பு. காலையில் டீச்சர் குடையோடு அங்கே வந்து நிற்பார். நான் காரின் அடியில் படுக்கிற வேலைகளை அந்த நேரத்துக்கு வைத்துக்கொண்டேன்.

5. காது கேஸ்

முழங்கால் நோவு வந்து கராஜை றிஸ்வானிடம் ஒப்படைத்த பிறகு, ஒருநாள் சும்மா போய் உட்கார்ந்திருந்தேன். ஒரு பெண் ஸ்கூட்டரைக் கொண்டுவந்து, என்னவோ சத்தம் என்றார். றிஸ்வான் ஒரு தடவை எக்ஸ்ஸிலேட்டரை முறுக்கிப் பார்த்துவிட்டு அனுப்பினான். பிறகு என் பக்கம் திரும்பிச் சிரித்தான்.

"காது கேஸ் மாமா."

"அது என்ன?"

"நீங்க சொல்லித் தந்ததுதானே! காதுக்கு சேவிஸ் போடணும் எண்டு. இஞ்ச எல்லாக் கராஜிலயும் இப்ப அப்புடித்தான் சொல்ற."

நான் இத்தனை காலம் தொழில் செய்து ஊருக்குக் கொடுத்துவிட்டுப் போகிற வார்த்தை இதுவா என்று நினைத்தேன். உட்கார்ந்திருக்க முடியவில்லை.

அல்லாஹ்விடம் எத்தனையோ தடவை மன்னிப்புக் கேட்டிருக்கிறேன். ஆனால் ஒரு மனிதருக்குச் செய்த அநியாயத்தை அந்த மனிதர்தான் பொறுக்க வேண்டும் என்று சின்ன வயதிலேயே ஓதிப் படித்தவன் நான். அன்று அஸர் தொழுதுவிட்டு டீச்சரின் வீட்டுக்குப் போனேன். உம்மாவும் முன்கூடத்தில் இருந்தார். எல்லாவற்றையும் சொன்னேன், நாக்கை மடக்கியது முதல் போனைத் திருப்பாமல் பிடித்தது வரை.

"பொறுத்துக்கங்க டீச்சர். ஹலாலாக்கித் தாங்க."

டீச்சர் உம்மாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"மோதுறதுக்கு முந்தி கரகர எண்டு ஒரு சத்தம் வந்திச்சி காக்கா" என்றார் பிறகு. "கீச்சில்ல, இது வேற சத்தம். கட்டாருக்குப் போன் எடுத்து இவருக்குச் சொன்னன். 'திரும்பவும் காதா?' எண்டு சிரிச்சாரு. உங்கட கராஜடிக்கும் வந்தன். உள்ள ஆக்கள் நிண்டாங்க. வாசலால திருப்பிட்டுப் போயிட்டன்."

நான் தலை குனிந்தேன். பேட் தேய்ந்ததற்கு உப்பைச் சொல்லலாம். அவர் வாசலோடு திரும்பிப் போனதற்கு என்னைத் தவிர வேறு எதையும் சொல்ல முடியாது.

உம்மா முறிந்து பொருந்திய கையை மடியில் வைத்தபடி கேட்டார்.

"நானும் இவளத்தானே வாப்பா ஏசின. அதுக்கு என்ன செய்ற?"

டீச்சர் எழுந்தார். "என்னிட்ட ஏன் காக்கா சொல்றீங்க? நான் பிரேக்கத்தான் மிதிச்ச எண்டு எனக்குத் தெரியும். தெரியாதவங்களுக்குப் போய்ச் சொல்லுங்க. மறுகா பொறுக்கிறதப் பார்ப்பம்."

அங்கிருந்தபடியே நியாஸுக்குப் போன் எடுத்துச் சொன்னேன். அவர் ஏசுவார் என்று எதிர்பார்த்தேன். ஏசியிருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும். அவர் சிரித்தார்.

"அது போனது போகட்டும் காக்கா. கார வித்தாச்சி. அவவும் பஸ்ஸுல போய்ப் பழகிட்டா. எனக்கும் அதுதான் நிம்மதி."

போனின் சத்தம் முன்கூடத்தில் எல்லோருக்கும் கேட்டது. டீச்சர் உள்ளே போய்விட்டார். உண்மையைச் சொன்னால் ஒன்று திரும்பி வரும் என்று நம்பிப் போயிருந்தேன். ஒன்றும் திரும்பவில்லை. பொய்க்குப் பிறகு எல்லோரும் தங்களுக்கு வசதியாக உட்கார்ந்துவிட்டார்கள், அவர் ஒருவர்தான் பஸ் தரிப்பில் நின்றார்.

றிஸ்வானிடமும் ஹனீபா மச்சானிடமும் நேரில் சொல்லிவிட்டேன். மச்சான் "நானும்தானே சிரிச்ச" என்றார். மற்றவர்களுக்கு இந்த எழுத்துதான் வழி.

வேலை பழகுகிறவர்களுக்கு ஒன்று சொல்வேன். சத்தம் என்று ஒருவர் வந்தால், அவர் யாராக இருந்தாலும், எப்போது வருகிறது, எப்போது நிற்கிறது என்று கேளுங்கள். பிறகு சில்லைக் கழற்றுங்கள். உள்ளேயிருக்கும் பேட்டைக் கண்ணால் பார்க்கும்வரை சத்தத்தை நிறுத்தாதீர்கள். சத்தம் சொன்னவரின் வாயையும் அடைக்காதீர்கள்.

அன்று அந்த நெல் வீதியில் கூட்டமாக நின்றவர்கள் இதை வாசிக்கக்கூடும். அவர்களுக்குச் சொல்கிறேன். சபீனா டீச்சர் பிரேக்கைத்தான் மிதித்தார். நேரத்தோடு மிதித்தார். பிடிக்காமல் போனது என் வேலை.