துப்பாக்கி இல்லாத போர்ப் படம்

பார்சிலோனாவில் சினிமாக் கொட்டகைக்குள் யாரும் விசில் அடிப்பதில்லை. படம் முடிந்து விளக்கு போட்ட பிறகும் சில பேர் எழுந்திருப்பதில்லை. கப்பலை விட்டு இறங்கி இங்கேயே தங்கிவிட்ட எனக்கு இன்னும் பழகாதது இதுதான். நான் குடியிருக்கும் வீட்டுக்காரி பிலார், போன மாதம் ஒரு போர்ப் படத்துக்கு அழைத்துப் போனாள். ஒரு துப்பாக்கிகூட வெடிக்கவில்லை. ஒரு தாய் சாப்பாட்டு மேசையில் தட்டுகளை வைக்கிறாள். இருக்கிற ஆட்களைவிட ஒரு தட்டு அதிகம். ஏன் என்று யாரும் கேட்பதில்லை. சாப்பிட்டு எழுந்துவிடுகிறார்கள். பிலார் அழுதுகொண்டிருந்தாள்.

"யாருமே சாகவில்லையே, எதற்கு அழுகிறீர்கள்?" என்று அரைகுறை ஸ்பானிஷில் கேட்டேன்.

"நாதா" என்றாள். ஒன்றுமில்லை என்று அர்த்தம். நானும் அப்படியே எடுத்துக்கொண்டேன்.

எட்டாவதோடு படிப்பை விட்டவன் நான். காஞ்சிபுரத்தில் அண்ணன் முருகேசனோடு தரை டிக்கெட்டில் உட்கார்ந்து பார்த்ததுதான் எனக்குத் தெரிந்த சினிமா. அநியாயத்தைக் கண்டால் கதாநாயகன் நின்று வசனம் பேசுவான், கொட்டகை அதிரும். அண்ணனும் அப்படித்தான். நெசவாளர் சங்க மேடையில் ஏறினால் பேரைச் சொல்லியே திட்டுவார். இந்த நாட்டு டைரக்டர்களோ உள்நாட்டுப் போரையும் அதன்பின் வந்த சர்வாதிகாரத்தையும் நேராகக் காட்டுவதில்லை. பூட்டிய அறை, வாய் திறக்காத அப்பா, கேள்வி கேட்கும் குழந்தை. சர்வாதிகாரி போன வருடமே செத்துவிட்டார். சென்சார் பயம் சாகவில்லை. கோழைகள் என்று நினைத்தேன்.

பிறகு, காஞ்சிபுரம் செவிலிமேட்டில் எங்கள் தெருக்காரன் கோவிந்தன் வேலை செய்யும் கப்பல் வந்தது. நெருக்கடி நிலை வந்ததிலிருந்து வீட்டுச் சேதி எனக்குச் சரியாகக் கிடைக்கவில்லை. துறைமுகத்துக் காப்பிக் கடையில் உட்கார்ந்ததும் கேட்டேன்.

"அண்ணன் எப்படிப்பா இருக்குது?"

"ஊர்ல பஸ்ஸெல்லாம் கரெக்டா டைமுக்கு வந்துக்கினு இருக்குது."

"அட, பஸ்ஸையா கேட்டேன்? அண்ணனைக் கேட்டேன்பா."

கோவிந்தன் வாசலைப் பார்த்தான். தமிழ் புரிகிற ஆள் அங்கே ஒருவரும் இல்லை. ஆனாலும் குரலைத் தாழ்த்தினான். "பாலாத்துல தண்ணியே இல்லபா இந்த வருஷம்."

"அம்மா?"

"நல்லா இருக்குது. தெனம் அண்ணனுக்கும் சேர்த்துத்தான் தட்டு வெக்குது. அண்ணி வேணாம்னாலும் கேக்கறதில்ல."

அதற்குமேல் நான் கேட்கவில்லை. எந்த ஜெயில், உயிரோடு இருக்கிறாரா என்பதை அவனும் சொல்லவில்லை. அவனுக்கும் தெரியாமல் இருக்கலாம்.

அறைக்குத் திரும்பியதும் பிலார் என் முகத்தைப் பார்த்து என்ன ஆச்சு என்றாள். "நாதா" என்றேன். அவள் மறுபடி கேட்கவில்லை. போரில் காணாமல் போன அவள் தம்பியைப் பற்றி அன்றுதான் முதன்முறையாகச் சொன்னாள். சூப்பை என் முன்னால் வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

செவிலிமேட்டில் காலியாக இருக்கும் ஒரு தட்டு, போலீஸ் பிடித்துக்கொண்டு போன அண்ணனுடையது. தானாகவே கிளம்பிப் போனவனுக்கும் ஒன்று வைக்கிறார்களா என்று கோவிந்தனிடம் கேட்க எனக்கு வாய் வரவில்லை.