நினைவேட்டில் அடித்த பெயர்

மொல்தாவியாவில் எழுதத் தெரிந்தவர்களை விரல்விட்டு எண்ணிவிடக்கூடிய காலம் அது. மடத்துத் துறவி கெராசிமின் கையெழுத்து அழகு என்று கேள்விப்பட்ட மன்னன், தன் ஆட்சியின் வரலாற்றை எழுதும்படி அவருக்குக் கட்டளையிட்டான். பாழாய்ப்போன அழகு.

அதே மன்னன் ஈஸ்டர் விருந்துக்கு அழைத்து, சாப்பாட்டு மேசையிலேயே வெட்டிச் சாய்த்த பன்னிரண்டு பேரில் கெராசிமின் தம்பி தோதேரும் ஒருவன். அவன் ஒரு குற்றமும் செய்யவில்லை. மன்னனுக்கு அன்று சந்தேகம் பிடித்திருந்தது, அவ்வளவுதான். அந்தப் பன்னிரண்டு பேரும் துருக்கியரோடு கூட்டுச் சேர்ந்த துரோகிகள் என்று எழுத வேண்டும் என உத்தரவு வந்தது. கெராசிம் மூன்று நாள் பட்டினி கிடந்தார். நான்காம் நாள் எழுதிக் கொடுத்தார். தலை தப்பியது தம்பிரான் புண்ணியம். ஏட்டை யார் படிக்கப் போகிறார்கள் என்று மனதைத் தேற்றிக்கொண்டார்.

மடத்துத் தலைவர் படித்தார். இறந்தவர்களின் பெயர்களைச் சனிக்கிழமைதோறும் பீடத்தில் வாசிக்கும் நினைவேடு அவர் பொறுப்பில் இருந்தது. பெயர் வாசிக்கப்படாத ஆன்மா இருட்டிலேயே கிடக்கும். துரோகிக்கு அந்த ஏட்டில் இடமில்லை. தோதேரின் பெயரை அடித்துவிட்டார்.

தோதேரின் மனைவி அனிஸியா, இறந்தவர் பேரில் படைக்கும் தேன் கலந்த அவித்த கோதுமைத் தட்டோடு மடத்துக்கு வந்தாள். தட்டை யாரும் வாங்கவில்லை. நேரே கெராசிமிடம் போனாள்.

"அவரு பேர ஏன் வாசிக்கல, சாமி?"

கெராசிம் மறைக்காமல் சொன்னார்.

"உங்க கையாலயா எழுதுனீங்க?"

"உசுருக்குப் பயந்துட்டேன்மா."

"நல்லா இருங்க. மன்னன் ஒரு தடவதான் வெட்டுனான்."

மன்னன் செத்த செய்தி வந்ததும் கெராசிம் தலைவரிடம் ஓடினார். "நான் எழுதுனது பொய்யிங்க. தம்பி பேரத் திரும்பச் சேத்துக்கங்க."

"நாலு மடத்துக்கு உன் ஏட்ட நகலெடுத்து அனுப்பியாச்சு," என்றார் தலைவர். "அன்னிக்கு எழுதுனது பொய்யா, இன்னிக்குத் தம்பிக்காகச் சொல்றது பொய்யா? நான் எத நம்புறது?"

கெராசிம் தன் ஏட்டின் ஓரத்தில் உண்மையை எழுதி வைத்தார். நகலெடுப்பவர்கள் ஓரத்தில் இருப்பதை எடுப்பதில்லை. அது அவருக்கே தெரியும், அவரும் அப்படித்தான் நகலெடுத்தவர்.

அவர் இறந்தபின், மன்னனுக்கு எழுதிக் கொடுத்த அந்த வரலாற்றுக்காகவே, நினைவேட்டில் 'உண்மையை எழுதி வைத்த கெராசிம்' என்று சேர்த்தார்கள். அது முதன்முதலாக வாசிக்கப்பட்ட சனிக்கிழமை, கிழவியாகிவிட்ட அனிஸியா கோதுமைத் தட்டோடு வாசலில் நின்றாள்.

"யாருக்கும்மா?" என்று கேட்டார் தலைவர்.

"இப்ப வாசிச்சீங்களே, அவருக்குத்தான். வெளிச்சத்துல இருக்காருல்ல. இருட்டுல கெடக்கற தம்பியத் தேடிப் பாக்கட்டும்."

தட்டை வாங்கிக்கொண்டார்கள்.