முட்டி வலி தைலமும் என் படத்து ராணிக்காவும்

இன்னிக்கி சித்தூர்ல இருந்து திருப்பதிக்கு பஸ்ல வந்துக்கினு இருந்தேன். பக்கத்து சீட் அம்மா போன்ல முட்டி வலி தைலத்துக்கு ஒரு விளம்பரம். அதுல பேசறது யாருன்னு பாத்தா, என் டாக்குமென்டரில வர ராணிக்கா!

அந்தம்மா கிட்ட போன வாங்கி மறுபடி ஓட்டிப் பாத்தேன்.

ராணிக்கா சித்தூர் பக்கத்துல குடிபாலா ஊர்க்காரங்க. மாம்பழக்கூழ் கம்பெனில நாள் முச்சூடும் நின்னே முட்டி போன கதைய என் கேமரா முன்னாடி அழுதுக்கினே சொன்னவங்க. விளம்பரத்துலயும் அதே பச்சைப் புடவை, அதே சுவரு. ஆனா சிரிச்சிக்கினு தெலுங்குல தைலத்தப் புகழறாங்க. எந்தத் திருட்டுப்பயலோ யூடியூப்ல இருந்து என் படத்த உருவி, ஏஐல பேச வெச்சிருக்கான்.

உடனே அவங்களுக்கு போன் போட்டேன். "அக்கா, உங்க மூஞ்ச வெச்சி பொய் விளம்பரம் ஓட்றானுங்க. வாங்க, போலீஸ்ல கம்ப்ளைன்ட் குடுக்கலாம்."

"நானும் பாத்தேம்மா. உன் படத்துல எப்பப் பாத்தாலும் அழுதுக்கினே கீறேன். அதுலயாவது எனுக்கு முட்டி வலி போயிட்ச்சி. இருந்துட்டு போட்டும், உடு."

இப்ப நான் யார் மேல கம்ப்ளைன்ட் குடுக்கறது? நீங்களே சொல்லுங்க.