சாயத்தண்ணீர் மானோமீட்டர்

எட்டாம் வகுப்பில் அறிவியல் கண்காட்சிக்கு நான் செய்த மானோமீட்டருக்கு ஆன செலவு ஒரு பிளாஸ்டிக் டியூப் மட்டும்தான். மூன்றடிப் பலகையில் அதை ‘யு’ போல வளைத்துக் கட்டி, பாதி உயரத்துக்குச் சாயத்தண்ணீர் ஊற்றினேன். வேலம்பாளையத்தில் சாயப்பட்டறை வேலைக்குப் போய்வந்த அப்பா ஒரு பாட்டில் சிவப்பு கொண்டுவந்திருந்தார். எங்கள் பக்கம் கலருக்காக யாரும் கடைக்குப் போவதில்லை.

ஒரு முனையில் ஊதினால் அந்தப் பக்கம் நீர் இறங்கும், மறுபக்கம் ஏறும். இரு மட்டங்களுக்கும் உள்ள வித்தியாசத்தை அளந்து, அடர்த்தியாலும் புவியீர்ப்பாலும் பெருக்கினால் அழுத்தம் கிடைக்கும். ஐந்து எண்ணும்வரை நீரை அங்கேயே நிறுத்தினால்தான் கணக்கில் சேரும் என்பது நான் போட்ட சட்டம். அப்பா தம் கட்டி ஊதியதில் நீர் வெளியே பாய்ந்து சுவர் சிவந்தது. எனக்கு ஐம்பது சென்டிமீட்டர். அம்மாவுக்கு மூன்று முறை முயன்றும் இருபத்து நான்குதான். பனியன் வேஸ்ட் குடோனில் வெட்டுத்துணி பிரிக்கும் வேலை அவருக்கு. புருவமெல்லாம் பஞ்சோடுதான் வீடு திரும்புவார்.

சார்ட்டில் எல்லார் பெயரையும் அளவையும் எழுதினேன். அம்மா அதைப் படித்துவிட்டு என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

“என்னைய உட்டுரு கண்ணு. குடோன்காரர் புள்ளையும் உங்க ஸ்கூல்லதான் படிக்குது. இருமுறாங்கன்னு போன மாசந்தான் ஒருத்தரை நிறுத்துனாங்க.”

நான் அப்போது அரிச்சந்திரனுக்குப் பக்கத்து வீட்டுக்காரி. “அளந்ததை மறைக்கக் கூடாதுங்கம்மா” என்றேன்.

மறுநாள் பள்ளியில் டீச்சர் பாட்டிலை முகர்ந்து பார்த்துச் சிரித்தார். சாயத்தண்ணீரில் உப்பு கொட்டியிருப்பார்கள், அடர்த்தி கூடும், நீர் கொஞ்சம் குறைவாகத்தான் ஏறும் என்றார். வீட்டில் சொன்னதும் அம்மாவின் முகம் தெளிந்தது.

“அதான பார்த்தேன். உப்புத்தண்ணிங்க அது” என்று அப்பாவிடம் சொன்னார்.

குழாய்த் தண்ணீர் ஊற்றி மறுபடி ஊதினோம். எனக்கு இரண்டு சென்டிமீட்டர் கூடியது. அம்மாவுக்கு அதே இருபத்து நான்கு. அப்பா எழுந்து வெளியே போனார். நான் சார்ட்டைத் திருத்தவில்லை. நல்லவேளை, கண்காட்சியில் எண்களை யாரும் படிக்கவில்லை. ஊதிப் பார்க்கத்தான் கூட்டம்.

பிறகு பலகையை எடைக்குப் போடலாம் என்றேன். இருக்கட்டும் என்று அம்மா அதை டியூபும் தண்ணீருமாக அப்படியே சமையலறைக் கதவுக்குப் பின்னால் சாய்த்து வைத்துக்கொண்டார். என் மானோமீட்டருக்கு இவ்வளவு மரியாதையா என்று எனக்கு ஒரே பெருமை.

பல மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை அதை வெளியே எடுத்தேன். நான் வரைந்திருந்த அளவுகோலின் மேல், நீர் ஏறும் பக்கத்தில், துணியில் குறி போடும் சாக்பீஸால் ஏழெட்டுக் கோடுகள் இருந்தன. முதல் கோடு மேலே, மற்றவை ஒன்றுக்கொன்று கொஞ்சம் தாழ்வாக. யார் கிறுக்கியது என்று சத்தம் போட்டேன்.

“நாந்தான் கண்ணு. அழிச்சுடறேன்” என்று அம்மா முந்தானையால் துடைத்தார்.

அளவுகோலைக் கெடுத்துவிட்டார் என்று அன்று முழுவதும் நான் அவரோடு பேசவில்லை.