தையல்காரி வாங்கிய நகல்கள்

தம்பியை ஒரு வேன் அடித்துக் கொன்றுவிட்டு நிற்காமல் போய் எட்டு மாதம். பள்ளிச் சீருடை தைத்து அவனை ஆளாக்கியவள் அக்கா. போலீஸ் அசையவில்லை என்று கோர்ட்டில் மனுப் போட்டாள். விசாரணை எந்த நிலையில் இருக்கிறதென்று மாதாமாதம் எழுதித் தரும்படி மாஜிஸ்திரேட் அம்மா உத்தரவிட்டார். அவர்களும் தவறாமல் தந்தார்கள். ஒவ்வொரு வாய்தாவுக்கும் தையலைப் போட்டுவிட்டு ஓடியதுதான் அவளுக்கு மிச்சம்.

போன வாரம் ஆறு அறிக்கைக்கும் நகல் வாங்கிப் படித்தாள். தேதி மட்டும் வேறு. மற்றபடி எழுத்து மாறாமல் ஒன்றே. ‘வண்டி எண்ணைப் பார்த்த இஸ்திரிக்காரரைத் தீவிரமாகத் தேடியும் காணவில்லை.’

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இஸ்திரிக் கடை ஸ்டேஷனுக்கு நேர் எதிரே! நேராக அங்கே போனாள்.

“அண்ணே, உங்கள ஆறு மாசமா தேடறாங்களாம்.”

“என்னையா? நேத்துகூட ஏட்டு வந்து, காலர் சரியா மடியலன்னு கத்திட்டுப் போனாரேம்மா! நம்பர அன்னிக்கே சொன்னேன். ‘இருய்யா, அப்புறம் எழுதிக்கறோம்’னாங்க.”

“கோர்ட்டுல வந்து சொல்வீங்களா?”

அவர் இஸ்திரிப் பெட்டியைக் கீழே வைத்தார். “அவங்க துணிதாம்மா என் பொழப்பே.”

“என் பொழப்பு என் தம்பிண்ணே.”

அவர் வந்தார்.

அன்று ஏழாவது அறிக்கை. துப்புக் கிடைக்காததால் வழக்கை முடிக்க அனுமதி வேண்டும் என்றார் இன்ஸ்பெக்டர். தையல்காரி எழுந்து நின்றாள்.

“அம்மா, இவங்க தேடற ஆளு இவருதான்.”

மாஜிஸ்திரேட் நிமிர்ந்தார். “என்ன இன்ஸ்பெக்டர்?”

“நாங்க போனப்பல்லாம் கடை பூட்டியிருந்ததும்மா.”

“ஏழு மாசமுமா?”

இஸ்திரிக்காரர் இன்ஸ்பெக்டரைக் கைகாட்டினார். “ஐயா போட்டிருக்கற சட்டையே இன்னிக்குக் காலைல நான் தேச்சதுதாங்க.”

சிரிப்பை அடக்கப் பலர் இருமினார்கள். மாஜிஸ்திரேட் இருமவில்லை. வழக்கை முடிக்கக் கூடாது என்றார். சாட்சியின் வாக்குமூலத்தை இன்றே தாம் பதிவு செய்வதாகச் சொல்லி, பதினைந்து நாளில் வேன் யாருடையதென்று தெரிய வேண்டும் என்று உத்தரவிட்டார்.

வெளியே இன்ஸ்பெக்டர் சலித்துக்கொண்டார். “எங்ககிட்டயே வந்து சொல்லியிருக்கலாமேம்மா?”

“எத்தன தடவ சார் உங்க வாசல்ல வந்து நின்னேன்? உட்காருன்னுகூட ஒருத்தர் சொல்லல.”

மேற்கொண்டு பேச அவளுக்குத் தெம்பில்லை. இன்றைய உத்தரவுக்கும் நகல் கேட்டு வரிசையில் போய் நின்றாள். இவர்களை நம்பி வெறுங்கையோடு வீடு திரும்ப அவள் தயாராக இல்லை.