வாடகைக்கு ஒரு தாய்மாமன்

நான் ஒரு முட்டாள். இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பாதி வழியில் நீங்களாகக் கண்டுபிடித்தால் எனக்கு அவமானம். என் மகளின் கல்யாணத்தைப் பாலித் தீவில் நடத்தப் போவதாக, மகளிடம் ஒரு வார்த்தை கேட்பதற்கு முன்பே, ஈப்போவில் நான் வழக்கமாக ரொட்டி சானாய் சாப்பிடும் கடையில் அறிவித்தவன் நான். கடைக்கார பாய் எழுந்து வந்து கைகொடுத்தார். பக்கத்து மேசைக்காரர் மட்டும் கொடுக்கவில்லை. அவர் தன் மகள் கல்யாணத்தைப் புக்கெட்டில் நடத்தியவர். கைப்பேசியில் அந்தப் படங்களைக் காட்டிக் காட்டியே எங்கள் தேநீரை ஆறவைத்தவர். கடல், மணல், மணமக்கள், மறுபடியும் கடல். பொறாமை என்றெல்லாம் சொல்ல மாட்டேன். வயிறு எரிந்தது, அவ்வளவுதான்.

வீட்டில் வந்து சொன்னபோது மனைவி அரிசி களைந்துகொண்டிருந்தாள்.

"பாலியில நமக்கு யாரு இருக்கா?"

"ஊரே இந்து ஊருலா. சாமிக்குப் பஞ்சமே இல்ல."

"சாமி இருக்கும். சாப்பிட ஆளு?"

மகள் கொஞ்சம் யோசித்தாள். "கூட்டம் கம்மியா இருந்தா எனக்கும் சரிதான்பா. ஆனா மாலைய மாமாதான் எடுத்துக் குடுக்கணும். அது மட்டும்."

மாமா என்றால் என் மனைவியின் அண்ணன். சுங்காய்ப் பக்கம், பாமாயில் எடுக்கும் செம்பனைத் தோட்டத்தில் லோரி ஓட்டுகிறவர். பள்ளி விடுமுறை முழுவதையும் என் மகள் அந்த லோரியின் முன் இருக்கையில்தான் கழித்தாள். கட்டிக்கொள்ளப் போகும் பையனை முதலில் கொண்டுபோய்க் காட்டியதும் அவரிடம்தான். அவர் "சரி" என்ற பிறகுதான் எனக்குக் காட்டினாள். எங்கள் முறையில் தாய்மாமன் மாலை போட்டு, கையைப் பிடித்து அழைத்து வந்தால்தான் பெண் மணவறையில் உட்காருவாள். "அது மட்டும்" என்றதை நான் சின்ன விஷயமாக எடுத்துக்கொண்டு, பெரிய விஷயத்தில் இறங்கினேன். அதாவது, வெடிங் பிளானர் தேடினேன்.

வெளிநாட்டுக் கல்யாணத்துக்கு அவர்கள் இல்லாமல் முடியாதாம். முதலில் பார்த்தவர் கைப்பேசித் திரையில் வந்தார். பாலியிலேயே இருக்கிறவர். அவருக்குப் பின்னால் நீச்சல் குளம். பேச்சு முழுக்க அந்தக் குளத்தைப் பற்றித்தான். தாலி கட்டும் நேரத்தில் மணமக்களைச் சுற்றிப் பூ மிதக்கும் என்றார். ஐயர் எங்கே உட்காருவார் என்று கேட்டேன். அவரும் மிதப்பார் என்று சொல்லிவிடுவாரோ என்று பயந்து மனைவி இணைப்பைத் துண்டித்தாள்.

இரண்டாவது ஒரு பெண்மணி. கல்யாணத்துக்கு 'கதை' வேண்டும் என்றார். என்ன கதை என்றேன். "அங்கிள், உங்க ஃபேமிலி எஸ்டேட் ஃபேமிலிதானே? பீச்ல ரப்பர் எஸ்டேட் தீம் பண்ணலாம். தென்னை மரத்துல எல்லாம் பால் பிடிக்கிற மங்கு தொங்கும். மங்குக்குள்ள மெழுகுவத்தி." என் அம்மா விடிவதற்கு முன்னால் நெற்றி விளக்கோடு போய், கொசுக்கடியில் மரம் மரமாய் வெட்டிப் பால் எடுத்தவள். அந்த மங்கு இப்போது கடற்கரையில் மினுக்கப் போகிறது. "ஒட்டுப்பால் நாத்தமும் ஏற்பாடு பண்ணுவீங்களாம்மா? இல்லேன்னா கதை முழுசாகாதே" என்று கேட்டேன். அவர் அதையும் குறித்துக்கொண்டார். எழுந்து வந்துவிட்டேன். அந்த அறையின் ஏர்கோன் வேறு சொட்டிக்கொண்டிருந்தது.

ஏர்கோன் என் தொழில். முப்பது வருடமாகக் கழற்றி மாட்டுகிறேன். அதனால் எனக்கு ஒரு கெட்ட நம்பிக்கை உண்டு: ஃபில்டரைச் சுத்தமாக வைத்திருப்பவன் மனதையும் சுத்தமாக வைத்திருப்பான். மூன்றாவது பிளானரின் அலுவலகத்தில் காற்று சத்தமில்லாமல் வந்தது. நாற்காலியில் ஏறி ஃபில்டரைத் தொட்டுப் பார்த்தேன். விரலில் தூசி இல்லை. இவர்தான் என்று முடிவு செய்தேன். கொண்டை போட்ட இளைஞர். நான் நாற்காலியில் ஏறியதை ஏதோ சம்பிரதாயம் என்று நினைத்திருப்பார் போலும், கைகூப்பி நின்றார்.

"இப்போ எல்லாம் இன்டிமேட் வெடிங்தான் அங்கிள். முக்கியமானவங்க மட்டும்."

"எங்க மாமா வரணும்" என்றாள் மகள்.

"கண்டிப்பா! மாமாவுக்குத் தனி என்ட்ரி வைப்போம். டிரம்ஸோட."

முக்கியமானவர்களில் முதல் ஆளை அழைக்கச் சுங்காய்க்குப் போனோம். வெற்றிலை பாக்கு, பழம், வேட்டி எல்லாம் தட்டில் வைத்து, முறையாக. மச்சான் இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். பிறகு தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார்:

"நான் அங்க வாரதுக்கில்ல மாப்ள."

"ஏன் மச்சான்?"

"வேல இருக்கு."

எனக்குப் புரிந்துவிட்டது. அதாவது, புரிந்துவிட்டதாக நினைத்தேன். முறுக்கிக்கொள்ளாத தாய்மாமனை எங்கள் சனம் மதிப்பதில்லை. என் கல்யாணத்தில் என் மனைவியின் மாமா, சோடா தனக்கு முதலில் வரவில்லை என்று செருப்பை மாட்டிக்கொண்டு வாசல் வரை போய், யாராவது கூப்பிடுகிறார்களா என்று திரும்பிப் பார்த்துக்கொண்டே நின்றவர். இது அந்த வகை என்று எடுத்துக்கொண்டேன். மறுவாரம் இன்னும் பெரிய தட்டோடு போனேன். பட்டு வேட்டி, சட்டை, மேலே ஒரு அன்னாசிப்பழம். மச்சான் அதையும் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

"வேல இருக்கு மாப்ள."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "இன்னும் என்னதான் மரியாத செய்யணும் சொல்லுங்க! டிக்கெட் நான் போடுறேன். ரூம் நான் போடுறேன். நீங்க பாஸ்போர்ட்ட மட்டும் எடுத்துக்கிட்டு வந்தாப் போதும்லா!"

மச்சான் அன்னாசிப்பழத்தை எடுத்து மேசைமேல் நேராக நிற்குமா என்று வைத்துப் பார்த்தார். நின்றது. அதைத் தவிர அந்த அறையில் எதுவும் சரியாக இல்லை. என் மனைவி எழுந்து காருக்குப் போய்விட்டாள்.

கார் பீடோர் ஊரைத் தாண்டியது. அப்போதுதான் மனைவி சொன்னாள்: "அண்ணனுக்குச் சிவப்பு ஐசி."

என் கால் தானாக பிரேக்கைத் தேடியது. மச்சான் பிறந்தது அந்தத் தோட்டத்து லயத்தில்தான். பிறப்பைப் பதிய வேண்டிய நேரத்தில் அவருடைய அப்பா பதியவில்லை. பின்னால் பிறந்த என் மனைவிக்குப் பதிந்தார், நீல ஐசி, அதாவது குடிமகனுக்கான அடையாள அட்டை, கிடைத்தது. மச்சானுக்குக் கிடைத்தது சிவப்பு: இங்கே இருக்கலாம், உழைக்கலாம், ஆனால் மலேசியக் குடிமகன் இல்லை. பாஸ்போர்ட் கிடையாது. குடியுரிமைக்கு எழுதிப்போட்டு எழுதிப்போட்டு, ஒரு கட்டத்தில் அவர் அந்தப் பேச்சையே நிறுத்திவிட்டார். அவர் பேசவில்லை என்பதால் நாங்களும் பேசவில்லை. பேசாமல் இருந்து இருந்து நான் மறந்தே போனேன். இதில் வேடிக்கை, ஒரு தடவை அந்த மனுவோடு அவரைப் பதிவு அலுவலகத்துக்குக் காரில் கூட்டிப்போனதே நான்தான். அன்றைக்கும் அங்கே ஏர்கோன் சரியில்லை என்பது மட்டும் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது.

"முன்னாடியே சொல்லியிருக்கலாம்ல?"

"நீங்க கடையில சொன்ன அன்னிக்கே, எல்லாத்தையும் யோசிச்சுத்தான் சொல்றீங்கன்னு நெனச்சேன்" என்றாள். என்னைப் பற்றி அவளுக்கு இப்படி ஒரு நல்ல எண்ணம் இருந்தது அன்றைக்குத்தான் தெரிந்தது. அன்றோடு அது போயும்விட்டது.

இந்த இடத்தில் புத்தியுள்ளவன் பாலியை மறந்திருப்பான். நான் பிளானரிடம் போனேன். பாய் கைகொடுத்தது கண்ணுக்கு முன்னால் நின்றது. மகளும் கூடவே வந்தாள். விஷயத்தைச் சொன்னதும் பிளானர் அனுதாபமாகத் தலையை ஆட்டினார். கொண்டையும் கூடவே ஆடியது.

"கவலப்படாதீங்க அங்கிள். பெரிய ஸ்கிரீன் வைப்போம். மாமா சுங்காய்லேர்ந்து லைவ்ல மாலையத் தூக்கிக் காட்டுவாரு. அதே மாதிரி மாலைய அங்க எங்க பையன் போட்டுவிடுவான்."

"உங்க பையன் எனக்கு மாலை போடுவானா?" என்றாள் மகள்.

"பிடிக்கலன்னா இன்னொரு வழி இருக்கு சிஸ்டர். அங்க நம்ம ஆளு ஒருத்தர் இருக்காரு. நல்ல மீசை, ஜிப்பா, பார்த்தாலே மாமா மாதிரி. நெறைய கல்யாணத்துல மாமாவா நின்னுருக்காரு. கையப் பிடிச்சுக் கூட்டிட்டு வரும்போது அழுவாரு."

"அழுவாரா?" என்றேன்.

"தேவைப்பட்டா."

இவ்வளவு சுத்தமான ஃபில்டருக்குக் கீழே உட்கார்ந்து இப்படி ஒரு பேச்சு. தாய்மாமனை நாற்காலி, பந்தல் மாதிரி வாடகைக்கு விடுகிறார்கள், கண்ணீர் தனி. இவர்கள் அப்பாவையும் வைத்திருப்பார்கள், அளவெடுத்துக் கொடுப்பார்கள். அந்த நேரத்தில் என் வாயிலிருந்து வந்த கேள்வியை நான் மறைக்கப் போவதில்லை. முட்டாள் என்று முதலிலேயே சொல்லிவிட்டேனே.

"ஆளு எவ்ளோ உயரம்? எங்க மச்சான் கொஞ்சம் குட்டை."

மகள் கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள். "அப்பா, மாமாவுக்குப் பதிலா ஒருத்தர் நிக்கலாம்னா எனக்குப் பதிலாவும் ஒருத்திய நிக்க வச்சிடுங்க. போட்டோவுக்குத்தானே? நான் சுங்காய்க்குப் போறேன்."

பிளானர் என்னைப் பார்த்தார். பெண்ணையும் ஏற்பாடு செய்ய முடியுமா என்று அவர் யோசிக்கத் தொடங்குவதற்குள் நானும் எழுந்துவிட்டேன்.

இப்போது கல்யாணம் சுங்காயில். கோயிலை ஒட்டிய மண்டபம். மேலே மின்விசிறிதான், ஏர்கோன் மாட்டித் தருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன், ஏதாவது ஒன்றில் என் கை இருக்கட்டும் என்று. மாப்பிள்ளை வீட்டாருக்குக் கடல் இல்லாததில் வருத்தமில்லை. அவர்கள் ஹுத்தான் மெலிந்தாங்கில் மீன் வியாபாரம் செய்கிறவர்கள், கடலைத் தினமும் பார்க்கிறவர்கள். ரொட்டி சானாய்க் கடையை மட்டும் மாற்றிவிட்டேன். புதுக்கடையில் ரொட்டி தடிமன், ஆனால் யாரும் கைகொடுப்பதில்லை.

மச்சானுக்குச் செய்தி சொல்லும் வேலையை மனைவியும் மகளும் என் தலையிலேயே கட்டினார்கள். அதுவும் நியாயம்தான். கைப்பேசியில் கூப்பிட்டேன். அந்தப் பக்கம் லோரி இரைந்துகொண்டிருந்தது.

"மச்சான், பாலியெல்லாம் இல்ல. கல்யாணம் சுங்காயிலதான், கோயில் மண்டபத்துல. மாலை நீங்கதான் எடுத்துக் குடுக்கணும். வந்துடுவீங்கள்ல?"

லோரியின் இரைச்சல் நின்றது. இன்ஜினை அணைத்துவிட்டார் போலிருந்தது.

"பாஸ்போர்ட் கேப்பாங்களா மாப்ள?" என்றார்.