பக்கத்துக் காட்டுக்காரன் முறை

அண்ணன் நேற்று ஊருக்குப் போய்விட்டார்.

ஏழு வாரம் என் வீட்டில் இருந்தவர். வாக்கரை ஊன்றிக்கொண்டு கார் வரைக்கும் தானே நடந்தார். பிடிக்கப் போனேன், வேண்டாம் என்று கையால் காட்டினார். “போயிட்டு வரேன்” என்றார். வழக்கமாக அதற்குப் பின்னால் ஒரு “பாப்பா” வரும். ஐம்பத்திரண்டு வயதிலும் நான் அவருக்குப் பாப்பாதான். நேற்று வரவில்லை.

தப்பு என் மேல்தான். இந்தப் பத்திரிகைப் பக்கத்தில் ஊரில் உள்ளவர்களின் தப்பையெல்லாம் வாராவாரம் எழுதிக் கிழிக்கிறேனே... இந்த வாரம் என்னுடையது.

முதலில் அந்த விளையாட்டைச் சொல்லிவிடுகிறேன். நான் மொபைலில் விவசாயம் செய்கிறவள் என்பது தொடர்ந்து படிக்கிறவர்களுக்குத் தெரியும். சிரிக்காதீர்கள். செட்டிகுளத்தில் சின்ன வெங்காயம் போடுகிற குடும்பத்தில் பிறந்து, ஒரு நாள்கூட மண்வெட்டி பிடிக்காமல் பெரம்பலூர் டவுனுக்கு வந்து ஆபீஸ் வேலை பார்த்தவள். இப்போது பஸ்ஸுக்குக் காத்திருக்கும் நேரத்தில் விரலால் உழுகிறேன்.

அதிலும் தண்ணீர் பாய்ச்சுவதில் நான் கில்லாடி.

தினம் காலையில் குளத்தில் வாளியை நிரப்பி, கட்டம் கட்டமாக ஊற்ற வேண்டும். ஒவ்வொரு கட்டத்துக்கும் கொஞ்சம் தெம்பு குறையும். புதிதாக ஆடுகிறவர்கள் கண்ட இடத்தில் நட்டுவிட்டு, குளத்துக்கும் காட்டுக்கும் ஓடி ஓடியே மத்தியானத்துக்குள் மயங்கி விழுவார்கள். நான் அப்படியா? குளத்தை ஒட்டியே பாத்தி. போகும்போது ஒரு வரிசை, திரும்பும்போது ஒரு வரிசை. நாளைக்கு மழை என்று விளையாட்டுக்குள் இருக்கும் டிவி சொன்னால், அன்றைக்கு வேறு வேலைக்குத் தெம்பை மிச்சம் பிடிப்பேன். வசதி வந்ததும் ஸ்பிரிங்ளர் — நடுக்கட்டத்தில் ஒன்றை வைத்தால் சுற்றியுள்ள எட்டுக் கட்டத்துக்கும் விடியும்போதே அதுவாகத் தண்ணீர் தெளித்திருக்கும். அதோடு வாளிக்கும் ஓய்வு, எனக்கும் ஓய்வு.

எல்லாவற்றுக்கும் மேல் ஒரு விதி. ஒரு நாளையும் விடக்கூடாது. தண்ணீர் விடாத நாளில் அந்தப் பயிர் வளராது. சாகாது — ஆனால் வளராது. அறுவடைக்குள் பருவம் மாறிவிட்டால் மொத்தமும் கருகிப்போகும்.

சரி, அண்ணனுக்கு வருகிறேன்.

பெயர் கலியமூர்த்தி. வெங்காயக் காட்டுக்குப் போகும் வழியில் டி.வி.எஸ். சறுக்கி விழுந்து, திருச்சியில் காலுக்கு பிளேட் வைத்தார்கள். ஆறு வாரத்துக்குக் கால் தரையில் படக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அண்ணன் வீடு மேட்டில் இருக்கிறது. ஏற இறங்க முடியாது. அதனால் என் வீட்டுக்கு அழைத்து வந்தேன். அண்ணி ஊரிலேயே இருந்து காட்டைப் பார்த்துக்கொண்டார்.

படுத்தே கிடக்கிற விவசாயியைப் பார்த்திருக்கிறீர்களா? ஜன்னல் வழியாக வானத்தைப் பார்ப்பார். அண்ணிக்குப் போன் போடுவார். மறுபடி வானம். பார்க்கச் சகிக்காமல் என் பழைய போனில் இந்த விளையாட்டைப் போட்டுக் கொடுத்தேன். அரை மணி நேரத்தில் பிடித்துக்கொண்டார். “களை கூட மொளைக்குது பாரேன்” என்று சந்தோஷப்பட்டார்.

பத்து நாள் கழித்து அவருடைய பண்ணையை எட்டிப் பார்த்தேன். பாவமாக இருந்தது. அத்தனை செடியும் முழங்கால் உயரத்தில் நிற்கிறது. பருவம் முடிய நான்கு நாள்தான் பாக்கி.

“என்னண்ணே, தண்ணி வுடறதில்லையா?”

“ஒரு நாளு வுட்டு ஒரு நாளு வுடறேனே.”

“தினம் வுடணும்ண்ணே.”

“நாளைக்கி நம்ம முறை இல்லியே பாப்பா.”

எனக்குப் புரியவில்லை. திரையில் விரலை வைத்துக் காட்டினார். வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு வீடு. அதில் ஒரு தாடிக்காரர் இருக்கிறார். தினம் வாசலில் நின்று ‘நல்ல நாள்’ என்று மட்டும் சொல்கிற பொம்மை.

“அவனும் இந்தக் கொளத்த நம்பித்தானே இருக்கான்? ஒரு நாளு நம்ம எடுத்தா ஒரு நாளு அவனுக்கு வுடணும்ல.”

அன்றைக்கு வயிறு வலிக்கச் சிரித்தேன். போனில் நாலு பேரிடம் சொல்லியும் சிரித்தேன். இப்போது எழுதும்போது சிரிப்பு வரவில்லை.

ஏனென்றால் எங்கள் கிணறு அப்படி. என் அப்பாவும் சித்தப்பாவும் சேர்ந்து வெட்டியது. ஒரே கிணறு, ஒரே மோட்டார், இரண்டு குடும்பத்துக் காடு. ஒரு நாள் அண்ணனுடையது, மறுநாள் சித்தப்பா மகன் செல்வராசுவுடையது. அதற்குப் பெயர்தான் முறை. இன்னொன்றும் உண்டு. யார் முறையானாலும், தண்ணீர் இறங்கிக் கிணற்றின் மூன்றாவது படி வெளியே தெரிந்தால் மோட்டாரை நிறுத்திவிட வேண்டும். அதற்குக் கீழே இருப்பது மறுநாள்காரனுக்கு. ராத்திரி ஊறுகிற ஊற்றும் அந்த மிச்சமும் சேர்ந்தால்தான் அவனுக்கு ஒரு நாள் பாய்ச்சல் தேறும். எங்கேயும் எழுதி வைத்ததில்லை. எனக்கு நினைவு தெரிந்து யாரும் மீறியதுமில்லை.

அதையெல்லாம் அறிந்தவள்தான் நான். இருந்தும் அண்ணனுடைய போனை வாங்கி, பாத்தியை மாற்றி, ஸ்பிரிங்ளர் வைத்துக் கொடுத்தேன். மறுநாள் காலையில் எல்லாக் கட்டமும் தானாக நனைந்திருந்தது. அண்ணன் கொஞ்ச நேரம் பார்த்தார்.

“அப்ப அவனுக்கு?” என்றார்.

“அவன் பொம்மைண்ணே!”

போனைக் கவிழ்த்து வைத்துவிட்டார். அதற்குப் பிறகு அவர் அதைத் தொடவே இல்லை.

இனி நடந்ததுதான் விஷயம்.

ஒரு சனிக்கிழமை காலை, அண்ணி போன் செய்தார். அண்ணன் வலி மாத்திரை போட்டுக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தார். நான் எடுத்தேன்.

“பாப்பா, மேலக் காட்டுல நாலு பாத்தி வெங்காயம் வாடுது. காய் பிடிக்கிற நேரம். நேத்து நம்ம முறைல தண்ணி அங்க எட்டல. இன்னிக்கி செல்வராசு முறை... அவரு நேத்தே விக்கிரமங்கலம் காதுகுத்துக்குப் போயிட்டாரு. மோட்டாரு சும்மாத்தான் கெடக்குது. ஒங்க அண்ணன ஒரு வார்த்தை கேளேன்.”

எழுப்பியிருக்கலாம். தோளைத் தொட்டால் போதும். ஆனால் என் மூளைக்குள் அந்தக் கட்டங்கள்தான் ஓடின. ஆள் இல்லாத குளம், வாடுகிற செடி, வீணாகப் போகிற ஒரு நாள். எவ்வளவு சுலபமான கேள்வி!

“இதுல என்னண்ணி இருக்கு? சும்மா கெடக்கிற தண்ணிதானே. போடுங்க” என்றேன்.

அண்ணனைக் கேட்டுத்தான் சொல்கிறேன் என்று அண்ணி நினைத்துவிட்டார். “அவங்க சொன்னா சரி” என்றார். ‘அவர் சொல்லவில்லை, நான் சொல்கிறேன்’ என்று நான் திருத்தவில்லை. அதையும் இங்கே சொல்லிவிட வேண்டும்.

எனக்குத் தெரியாதது ஒன்று. கேட்காததால் தெரியாமல் போனது. வியாழக்கிழமைதான் செல்வராசு தன் காட்டில் வெங்காயம் ஊன்றியிருந்தான். ஊன்றிய மூன்றாம் நாள் ஒரு தண்ணீர் கட்ட வேண்டும். உயிர்த் தண்ணீர் என்பார்கள். அது தவறினால் இந்த வெயிலில் வெங்காயம் மண்ணுக்குள்ளேயே வெந்துபோகும். மூன்றாம் நாள் சனிக்கிழமை. மத்தியானம் வந்து பாய்ச்சிக்கொள்ளலாம் என்றுதான் காதுகுத்துக்குப் போயிருக்கிறான். அவன் முறையாயிற்றே, தண்ணீர் எங்கே போய்விடும்?

வந்தான். கிணற்றில் மூன்றாவது படி என்ன, ஏழாவது படியும் தெரிந்தது. மோட்டார் காற்றை இழுத்துக்கொண்டிருந்தது. மேலக் காடு நனையட்டும் என்று அண்ணி படியை மறந்துவிட்டார். செல்வராசு சத்தம் போடவில்லையாம். கிணற்றை எட்டிப் பார்த்தான், அண்ணியைப் பார்த்தான், மோட்டாரை நிறுத்தினான், போய்விட்டான். ராத்திரி முழுக்க ஊறியும் இரண்டு படிதான் ஏறியது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அண்ணி அழுதுகொண்டே போன் செய்தபோது அண்ணன் விழித்திருந்தார். எல்லாவற்றையும் கேட்டார். என்னைப் பார்த்தார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

“கார் சொல்லு. செட்டிகுளம் போவணும்.”

“டாக்டர் கால...”

“கார் சொல்லு.”

முன் சீட்டைப் பின்னால் தள்ளி, காலை நீட்டி உட்கார வைத்துக் கூட்டிப்போனோம். கிணற்று மேட்டருகே கார் நின்றது. அண்ணி அங்கே நின்றிருந்தார். செல்வராசு வந்தான். கார் ஜன்னலில் கை வைத்து முதலில் கேட்டது இதைத்தான்.

“கால் எப்டிண்ணே இருக்கு?”

“அத வுடு. இன்னிக்கி எங்க முறை. இருக்கற தண்ணிய நீ எடுத்துக்க.”

“வேணாண்ணே. ஒங்களுது காய் பிடிக்கிற வெங்காயம்.”

“எடுத்துக்கடா.”

செல்வராசு கிணற்றுப் பக்கம் திரும்பிக்கொண்டு பேசினான். “தண்ணி போனது பெருசில்லண்ணே. நீங்க ஆஸ்பத்திரில கெடந்தப்ப அண்ணி ஒங்ககூட இருந்தாங்க. ரெண்டு முறை மோட்டாரே போடல. கெணறு ரொம்பிக் கெடந்துச்சு. நான் தொடல. என் முறைக்கு என்னுது போதும்னு இருந்தேன்.” அண்ணன் பக்கம் திரும்பிக் கேட்டான். “யாருண்ணே போடச் சொன்னது?”

நான் பின் சீட்டில் இருந்தேன். வாயைத் திறந்தேன். சத்தியமாகத் திறந்தேன்.

“நான்தான் சொன்னேன்” என்றார் அண்ணன்.

“நீங்களா?”

“நான்தான்டா.”

அண்ணி என்னைப் பார்த்தார். நான் என் கைகளைப் பார்த்துக்கொண்டேன். வாராவாரம் ஊருக்கே நியாயம் சொல்கிறவளுக்கு அந்த இடத்தில் ஒரு வார்த்தை வரவில்லை. செல்வராசு “சரிண்ணே” என்று மட்டும் சொன்னான். அண்ணியே போய் மோட்டாரைப் போட்டு, மடையைச் செல்வராசு காட்டுப் பக்கம் திருப்பிவிட்டார். முக்கால் மணி நேரத் தண்ணீர். பாதிக் காட்டுக்கு எட்டியது.

திரும்பி வரும்போது கேட்டேன். “ஏண்ணே பொய் சொன்னீங்க?”

“ஒன்னச் சொன்னா, டவுன்ல ஒக்காந்துக்கிட்டு நம்ம தண்ணிக்கி நாட்டாமை பண்றான்னு காலத்துக்கும் மனசுல வச்சிருப்பான். நான்னா ரெண்டு நாளுல மறந்துருவான்.” வழியில் பாடாலூர் தாண்டியது. பிறகு சொன்னார். “முறைய அவன் வுட்டுக் குடுத்தா வாங்கிக்கலாம் பாப்பா. நம்மளா எடுத்துக்கக் கூடாது.”

அண்ணன் நினைத்தது போல் நடக்கவில்லை. செல்வராசு மறக்கவில்லை. அவன் காட்டில் பாதி திட்டுத் திட்டாகத்தான் முளைத்திருக்கிறது. போன வாரம் அண்ணி போனில் சொன்னார் — தன் முறை நாளில் செல்வராசு இப்போது மோட்டார் பெட்டிக்குப் பூட்டுப் போடுகிறானாம். சாயங்காலம் வந்து திறந்துவிடுகிறானாம். இரண்டு தலைமுறையில் அந்தப் பெட்டி பார்க்கிற முதல் பூட்டு.

அதைக் கேட்டதிலிருந்துதான் அண்ணன் என்னிடம் சரியாகப் பேசவில்லை. கோபம் என்றுகூடச் சொல்ல முடியாது. சாப்பிடக் கூப்பிட்டால் வந்தார், மாத்திரை கொடுத்தால் வாங்கிக்கொண்டார். அறுபது வயதை நெருங்குகிற மனிதர், செய்யாத திருட்டுக்கு ஒரு நாள் விட்டு ஒரு நாள் அந்தப் பூட்டைப் பார்த்துக்கொண்டு இனிக் காட்டுக்குப் போய்வர வேண்டும். என்ன பேசுவார்?

எனக்கு ரொம்ப வெட்கமாக இருக்கிறது. தண்ணீரைச் சிக்கனமாக விடத் தெரியும் என்று பீற்றிக்கொண்டவள் நான். எந்தக் கட்டத்தில் நின்றால் எத்தனை செடி நனையும் என்பது அத்துப்படி. அந்த விளையாட்டில் குளத்துக்குப் பங்காளி கிடையாது. எவ்வளவு அள்ளினாலும் நாளைக் காலையில் யாரும் வந்து எட்டிப் பார்த்து, ஒன்றும் சொல்லாமல் திரும்பிப் போவதில்லை. அதனால்தான் அங்கே நான் இத்தனை கெட்டிக்காரி.

செல்வராசு பத்திரிகை படிக்கிற ஆள் இல்லை. ஆகவே இதை இங்கே எழுதியதால் நான் சொல்லிவிட்டதாக ஆகாது. இதை அனுப்பியதும் செட்டிகுளம் பஸ் ஏறுகிறேன். அண்ணன் வேண்டாம் என்பார். இந்த முறை அவரைக் கேட்கப் போவதில்லை.

பூட்டை அவன் எடுப்பானோ மாட்டானோ. திருடியது யார் என்றாவது அவனுக்குச் சரியாகத் தெரியட்டும்.